கேமராவும் துப்பாக்கியும்

ஜெர்மானிய இயக்குநர் ஹாருன் ஃபரோக்கி (தந்தை இந்தியர்) 2000 ஆம் ஆண்டில் உருவாக்கிய ‘கைதிகளைப் பார்ப்பதாக நினைத்தேன்’ என்னும் குறும்படத்தின் முதன்மைக் காட்சிகளை அவர் படம்பிடிக்கவில்லை. கலிஃபோர்னியாவிலுள்ள கொர்கோரன் சிறையின் கண்காணிப்புக் கேமராக்கள் பதிவுசெய்தவை அவை.

1989 ஆம் ஆண்டு. வெறுமையான கான்கிரீட் முற்றத்தில் இரு கைதிகள் மோதிக்கொள்கின்றனர். மற்றவர்கள் தரையோடு தரையாகப் படுத்துவிடுகின்றனர். அடுத்து வரப்போவதை அவர்கள் அறிவர். வெண்புகை ஒன்று எழுகிறது. ஒருவர் விழுகிறார். ஒலி இல்லை. பல நிமிடங்கள் கழித்தே உடல் அகற்றப்படுகிறது. இசையும் வசனமும் கூட்டி அழவைக்கும் சிறைப் படங்கள் எத்தனையோ உண்டு. அவற்றால் இயலாத பதற்றத்தை இந்த மௌனம் உண்டாக்குகிறது.

எல்லாவற்றையும் கேமரா பார்த்தால் ஒழுங்கு நிலைபெறும் என்பது ஆளுவோரின் வாதம். இங்கே கேமரா பார்த்தது, மரணம் நிகழ்ந்தது. கேமராவின் பார்வைக்கு எட்டும் இடமெல்லாம் துப்பாக்கிக்கும் எட்டுமாறு அமைந்த முற்றம் அது. கருவியைப் பழித்துப் பயனில்லை. அதன் பின்னே ஆயுதம் ஏந்திய அதிகாரம் நிற்கிறது. அச்சிறையில் 1994 இல் நிகழ்ந்த வேறு சம்பவங்களில், கைதிகளைத் திட்டமிட்டு மோதவிட்டதாகக் குற்றஞ்சாட்டப்பட்ட எட்டுக் காவலர்களும் 2000 இல் விடுவிக்கப்பட்டனர்.

படத்தில் பேரங்காடியும் வருகிறது. வாடிக்கையாளர் நடக்கும் தடங்களைக் கணினி கோடுகளாக வரைகிறது. சிறையும் சந்தையும் மனிதரை ஒரே விதமாக நகரும் புள்ளிகளாக்குகின்றன. படத்தின் தலைப்போ ரோசெல்லினியின் ‘யூரோப்பா 51’ படத்திலிருந்து வந்தது. அதில் ஆலைத் தொழிலாளரைக் கண்ட செல்வந்தப் பெண் கூறும் சொற்கள் அவை. கைதி, நுகர்வோர், தொழிலாளி என மூவரையும் ஒரே கோட்டில் நிறுத்திய ஃபரோக்கியின் துணிவே இப்படத்தின் பலம்.

இந்தியாவில் அந்தக் கண் 100 நாள் வேலைத்தலம் வரை வந்தது. 2023 ஜனவரி 1 முதல், தனிநபர் பயனாளிகளுக்கான பணிகள் நீங்கலாக எல்லா வேலைத்தலங்களிலும் செயலி வழி வருகைப்பதிவு கட்டாயமாக்கப்பட்டது. நாளுக்கு இருமுறை படம் எடுக்க வேண்டியிருந்தது. படம் பதிவேறாவிட்டால், மண் சுமந்தவரின் கூலி கேள்விக்குள்ளானது. ஊழலை ஒழிக்கும் என்று விளம்பரப்படுத்தப்பட்ட இச்செயலியில், தொடர்பற்ற படங்களும் படத்தையே மீண்டும் எடுத்த படங்களும் பதிவேற்றப்படுவதாக 2025 ஜூலையில் ஒன்றிய ஊரக வளர்ச்சி அமைச்சகமே சுற்றறிக்கையில் ஒப்புக்கொண்டது. அதற்கு அது கண்ட தீர்வு, ஊராட்சி அளவில் ஒவ்வொரு படத்தையும் ஆள் வைத்துச் சரிபார்ப்பது.