பிறையைப் படமெடுக்கும் கண் எங்கிருந்து வந்தது?

ரமளான் பிறை தென்பட்டதும் கைப்பேசியில் படமெடுத்து உறவினர்க்கெல்லாம் அனுப்புகிறோம். "விண்வெளி ஆய்வு வீண் செலவு" என்று வாதிடுவதும் அதே கைப்பேசியில்தான். "இவையெல்லாம் 1400 ஆண்டுகளுக்கு முன்பே நம் வேதத்தில் சொல்லப்பட்டவை" என்று பெருமை கொள்வதும் அதில்தான். இவ்விரு பேச்சுகளும் சிந்தனைச் சோம்பலின் இரு முகங்களே என்கிறோம்.

அந்தப் படத்தைப் பிடிக்கும் சில்லின் வரலாறு என்ன? 1990களில் நாசாவின் ஜெட் உந்துவிசை ஆய்வகத்தில் எரிக் ஃபாஸம் குழுவினர் விண்கலக் கேமராக்களைச் சிறிதாக்க முனைந்தனர். அதுவரை இருந்த சிசிடி உணரியில், ஒவ்வொரு புள்ளியிலும் சேரும் மின்னேற்றம் அடுத்தடுத்த புள்ளிகள் வழியே ஓரத்துக்கு நகர்ந்த பின்னரே அளக்கப்படும். மின்சாரமும் மிகுதியாகச் செலவாகும். அவர்களோ ஒவ்வொரு புள்ளிக்குள்ளும் ஒரு பெருக்கியை அமைத்தனர். மின்தேவை குறைந்தது, கேமராவின் பெரும்பகுதி ஒரே சில்லில் அடங்கியது. அந்த சீமாஸ் உணரியின் வழித்தோன்றலே இன்று நம் சட்டைப்பையில் இருக்கிறது. வீண் செலவு என்போர் இதற்கு என்ன மறுமொழி சொல்வார்கள்?

அதற்காக மிகைப்படுத்தவும் வேண்டா. டெஃப்லானும் வெல்க்ரோவும் நாசா தந்தவை என்று பரப்புகிறோம். டெஃப்லான் கண்டறியப்பட்டது 1938இல். நாசா தோன்றியதோ 1958இல். வெல்க்ரோ சுவிட்சர்லாந்துப் பொறியாளர் ஒருவரின் ஆக்கம். செய்தியைத் தீர விசாரிக்கப் பணிக்கப்பட்ட சமுதாயம் நாம் என்பதை மறந்துவிட்டோமா?

பஸராவில் பிறந்த இப்னுல் ஹைஸமும் நாம் ஓதும் அதே குர்ஆனை ஓதியவர்தாம். எல்லாம் முன்பே சொல்லப்பட்டாயிற்று என்று அவர் ஓய்ந்திருக்கவில்லை. கிரகண வேளையில் சிறு துளை வழியே விழும் சூரியனின் பிம்பம் ஏன் பிறை வடிவாய்த் தோன்றுகிறது என்று ஆராய்ந்தார். ஒளியியலைச் சோதனையின் மீது நிறுவினார். வானங்களையும் பூமியையும் சிந்திக்கச் சொன்ன இறைவசனத்தை அவர் ஒரு கட்டளையாக ஏற்றார். நாமோ அதைப் பெருமைக்குரிய சான்றிதழாக மாற்றிக்கொண்டோம். பிறர் உழைத்துக் கண்டறிந்த பின் உரிமை கோருவது வேதத்துக்குச் செய்யும் கண்ணியம் ஆகாது.

அடுத்த பிறையைப் படமெடுக்கையில், "இது எப்படி வேலை செய்கிறது, வாப்பா?" என்று பிள்ளை கேட்டால், "எல்லாம் முன்பே சொல்லப்பட்டதுதான்" என்று வாயடைக்காதீர்கள். உடன் அமர்ந்து தேடுங்கள். அவள் ஆய்வுக்கூடம் செல்ல விரும்பினால் வழிவிடுங்கள்.

வல்ல அல்லாஹ் நமக்குப் பயனுள்ள கல்வியை அருள்வானாக.