முழுமையான பொருளாதாரத் தடை குறித்து எங்கள் சபையின் நிலைப்பாடு

ஓர் அரசாங்கம் செய்த அக்கிரமத்துக்காக, அதன் ஆளுகையில் அகப்பட்டுக் கிடக்கும் ஜனங்கள் அனைவருக்கும் உணவும் மருந்தும் குடிநீரும் அரிதாகும் வண்ணம் வெளியுலகம் ஒன்றுகூடி அந்நாட்டின் வாணிபத்தை முற்றிலும் அடைத்துவிடுவது தர்மத்துக்கு விரோதமானது என்பதே எங்கள் சபையின் தீர்க்கமான அபிப்பிராயம். யுத்தத்தைக் காட்டிலும் மிருதுவான உபாயம் என்று அதற்குச் சொல்லப்படும் நியாயத்தை, இராக் தேசத்தில் 1990 முதல் 2003 வரை நிகழ்ந்தவற்றை அறிந்த பிறகு எங்களால் ஏற்க முடியவில்லை.

1990 ஆகஸ்டு 2ஆம் தேதி சதாம் ஹுசேனின் படைகள் குவைத்துக்குள் புகுந்தன. நான்கே நாட்களில் ஐக்கிய நாடுகளின் பாதுகாப்புச் சபை 661ஆம் தீர்மானத்தை நிறைவேற்றி, இராக்கின் ஏற்றுமதி இறக்குமதிகள் யாவற்றையும் நிறுத்தியது. அண்டை நாட்டை விழுங்க முற்பட்ட அரசை உலகம் கண்டித்ததில் எங்களுக்கு அணுவளவும் ஆட்சேபம் இல்லை. மருந்துக்கு அத்தீர்மானத்தில் விலக்கு இருந்தது. நெருக்கடி நேரத்தில் உணவுக்கும் இடமளிக்கப்பட்டிருந்தது. ஆயினும் எண்ணெய் விற்ற பணத்தில்தான் தன் உணவில் பெரும்பங்கை வெளியிலிருந்து வாங்கி வந்த ஒரு தேசத்துக்கு, எண்ணெய் விற்பனையை அடைத்துவிட்டு உணவை வாங்கிக்கொள்ளலாம் என்று அனுமதி கொடுப்பதில் என்ன பயன்? மேலும் குவைத்தை மீட்க 1991ஆம் ஆண்டு நடந்த யுத்தத்தில் மின் நிலையங்கள் குண்டுவீச்சால் நாசமாயின. மின்சாரம் போனபின் நீரேற்றும் யந்திரங்கள் நின்றன. சுத்திகரிப்பு நிலையங்கள் நின்றன. கழிவுநீர் நதிகளில் கலந்தது. சிசுக்களைக் கொண்டுபோன வயிற்றுப்போக்குக்கு மூலகாரணம் அதுவே.

அந்த யந்திரங்களைச் செப்பனிட வேண்டிய குழாய்களும் பம்புகளும் உதிரிப் பாகங்களும் ராணுவத்துக்கும் பயன்படக்கூடும் என்ற காரணத்தால் தடுத்து வைக்கப்பட்ட விதந்தான் எங்கள் சபையினர் மிகுதியும் சிந்தித்த விஷயம். 661ஆம் தீர்மானத்தின் கீழ் அமைந்த கமிட்டியில் பாதுகாப்புச் சபையின் 15 நாடுகளும் அங்கம் வகித்தன, அது மூடிய கதவுகளுக்குள் கூடியது, ஏகமனதாகவே முடிவெடுத்தது. ஆகவே ஏதேனும் ஒரு நாடு ஆட்சேபித்தால் போதும், சரக்கு நின்றுவிடும். அவ்விதம் நிறுத்தியவை பெரும்பாலும் அமெரிக்காவும் பிரிட்டனுமே. அங்கே எவரும் எவரையும் கொல்லவில்லை. ஒரு விண்ணப்பம் ஒதுக்கி வைக்கப்பட்டது, அவ்வளவே. அதை ஒதுக்கிய அதிகாரி தம் ராஜாங்கத்தின் உத்தரவை நிறைவேற்றினார்; ராஜாங்கமோ கமிட்டியின் விதிகளைக் காட்டியது; கமிட்டி தீர்மானத்தைக் காட்டியது. இவ்வாறு பொறுப்பு என்பது கைமாறிக் கைமாறி, கடைசியில் எவர் கையிலும் இல்லாமற்போயிற்று. தூரத்திலிருந்து, பலர் கூடி, விலக்கி வைப்பதன் மூலமாகச் செய்யப்படும் தீங்கும் செய்தவருடைய தீங்குதான் என்று நாங்கள் கொள்கிறோம்.

1996ஆம் ஆண்டு, ஐக்கிய நாடுகள் ஸ்தாபனத்தில் அமெரிக்கப் பிரதிநிதியாக இருந்த மேடலின் ஆல்பிரைட்டிடம், இத்தடையால் ஐந்து லட்சம் குழந்தைகள் மாண்டதாகச் சொல்லப்படுகிறதே, இந்த விலை தகுமா என்று தொலைக்காட்சிப் பேட்டியில் கேட்கப்பட்டது. தகும் என்றே அவர் விடையளித்தார். பின்னாளில் தம் சுயசரிதையில் அதற்காக வருந்தினார். அந்த எண்ணிக்கைக்கு ஆதாரமான கணக்கெடுப்புகள் நம்பத்தக்கவையல்ல என்று பிற்கால ஆராய்ச்சிகள் காட்டியிருப்பதால், அதை நாங்கள் ஆதாரமாகக் கொள்ளவில்லை. ஆனால் விடையளித்தவர் எண்ணிக்கையை மறுக்கவில்லை என்பதையும், அது மெய்யென்றே வைத்துக்கொண்டாலும் தகும் என்று ஒரு வல்லரசின் குரல் கூறிற்று என்பதையும் மறப்பதற்கில்லை. ஸ்தாபனத்தில் 34 ஆண்டுகள் ஊழியம் செய்த டெனிஸ் ஹாலிடே, இத்தடையை ஏற்க மனமின்றி, இராக்கில் நிவாரணப் பணியின் தலைமையை 1998இல் துறந்தார். அவருக்குப் பின் வந்த ஹான்ஸ் வான் ஸ்போனக் என்பவரும் 2000இல் துறந்தார். பதவியில் இருந்துகொண்டே முணுமுணுப்பது எளிது. இவ்விருவரும் அந்த எளிய வழியை நாடவில்லை.

சதாம் ஹுசேனின் குற்றம் இதில் சிறியதா என்று கேட்பார்கள். இல்லை. எண்ணெய் விற்று உணவு வாங்கும் திட்டத்துக்குப் பாதுகாப்புச் சபை 1995 ஏப்ரலில் வகை செய்தும், ஓராண்டுக்கு மேல் அவர் இசையவில்லை. இசைந்தபின் அத்திட்டத்திலேயே திருட்டுத்தனமாகக் கமிஷன் பெற்றதை ஐக்கிய நாடுகள் அமைத்த வோல்க்கர் விசாரணைக் குழு வெளிப்படுத்தியது. தம் பிரஜைகளின் பசியை அவர் வியாபாரமாக்கினார். ஆனால் அவர் மனம் இரங்கமாட்டார் என்று நன்கு தெரிந்திருந்தும், அவர் இரங்கும்வரை அவருடைய பிரஜைகளை வருத்துவோம் என்று கருவியைக் கையிலெடுத்தவர்களுக்கு, அவருடைய கல்நெஞ்சமே நியாயம் ஆகிவிடாது.

பகிஷ்காரம் யாவற்றையும் எங்கள் சபை எதிர்ப்பதாக எவரும் கருத வேண்டாம். தென்னாப்பிரிக்காவின் நேட்டால் பகுதி இந்தியருக்கு எதிராக இயற்றப்பட்ட நிலச் சட்டத்தைக் கண்டித்து, 1946இல் அந்நாட்டுடன் வாணிபத்தை முதன்முதலில் அறுத்துக்கொண்ட தேசம் இந்தியா. அதைப் பெருமையாகவே எண்ணுகிறோம். 1959இல் ஆப்பிரிக்கத் தேசிய காங்கிரஸின் தலைவர் ஆல்பர்ட் லுத்துலி, தம் நாட்டுப் பொருள்களைப் பகிஷ்கரிக்குமாறு உலகை வேண்டினார். அதனால் ஆப்பிரிக்க மக்களுக்கே கஷ்டம் நேரும் என்பதை ஒளிக்காமல், ரத்தம் சிந்தும் காலம் குறுகுமானால் அதைத் தாங்கத் தயார் என்றும் கூறினார். தன் துன்பத்துக்குத் தானே சம்மதித்தவரின் குரல் அது. இராக்கின் தாய்மார்களிடம் அந்தச் சம்மதத்தைக் கேட்டவர் எவருமில்லை. கேட்கும் வழியும் வைக்கப்படவில்லை. துன்புறப்போகும் ஜனங்களின் பிரதிநிதிகள் என்று நியாயமாகக் கருதத் தக்கவர்கள் தாமே வேண்டினாலன்றி, ஒரு தேசம் முழுவதன் மீதும் தடை விதிக்கலாகாது என்று நாங்கள் கூறுவது இந்த வேறுபாட்டைக் கருதியே.

ஆயுதங்களைத் தடுப்பதையும், ஆள்வோரின் சொத்துக்களை முடக்குவதையும் நாங்கள் எதிர்க்கவில்லை. ஆனால் எந்தத் தடைக்கும் முடிவுநாள் குறிக்கப்பட வேண்டும். இராக் மீதான தடைக்கு அப்படியொரு நாள் இல்லாமையால், அதை நீக்கப் புதிய தீர்மானம் தேவைப்பட்டது. எனவே விதிக்கப் பலருடைய இசைவு வேண்டியிருந்த ஒன்றை, நீடிக்கச் செய்வதற்கு நிரந்தர உறுப்பு நாடு ஒன்றின் வீட்டோவே போதுமானதாயிற்று. சரக்கை நிறுத்தும் நாடு தன் பெயரையும் காரணத்தையும் பகிரங்கமாக எழுத்தில் தர வேண்டும்.

பாதுகாப்புச் சபையில் 2022 டிசம்பரில் நிறைவேறிய 2664ஆம் தீர்மானம், சொத்து முடக்க விதிகளிலிருந்து மனிதாபிமான உதவிகளுக்குப் பொது விலக்கு அளித்தது. 14 நாடுகள் ஆதரித்தன. அம்மாதம் பாதுகாப்புச் சபையின் தலைமைப் பொறுப்பில் இருந்த இந்தியா மட்டும், பயங்கரவாத இயக்கங்கள் விலக்கைத் துஷ்பிரயோகம் செய்யக்கூடும் என்று கூறி வாக்களிக்காமல் ஒதுங்கியது. அந்த அச்சம் அர்த்தமற்றதன்று. அந்த இயக்கங்களின் கொடுமையை அனுபவித்த தேசம் நம்முடையது. எனினும் அதற்குப் பரிகாரம் கண்காணிப்பைப் பலப்படுத்துவதேயன்றி, விலக்குக்கு ஆதரவு தராமல் விலகி நிற்பதன்று. ஆகையால் இந்திய சர்க்கார் அந்த நிலையை மறுபரிசீலனை செய்து, விலக்குக்குத் தன் ஆதரவைப் பகிரங்கமாக அறிவிக்க வேண்டுமென்று எங்கள் சபை கேட்டுக்கொள்கிறது. இக்கோரிக்கையைப் பார்லிமெண்டின் இரு சபை அங்கத்தினர்களுக்கும் எழுத்து மூலம் அனுப்பவும் தீர்மானித்திருக்கிறது.