முள் உருண்டைக் கள்ளி: கடன் வாங்கும் முன் அடையாளம் காணுங்கள்

கேள்வி: போன ஆனியில் நர்சரியில் முள் அடர்ந்த சின்ன உருண்டைக் கள்ளி 20 செடி வாங்கினேன். கார்த்திகை மழையில் 14 அழுகிவிட்டன. மீதி ஆறில் வெள்ளைப் பஞ்சு போல ஒட்டியிருக்கிறது. வேலியோரச் சப்பாத்திக்கள்ளியிலும் அதே பஞ்சு. குழுக்கடன் 50,000 ரூபாய் எடுத்து 500 செடி வாங்கி விற்கலாம் என்று நினைக்கிறோம். மாமியார் வேண்டாம் என்கிறார். என்ன செய்யலாம்?
– வாசகி, தருவைக்குளம்

பதில்: சகோதரி, இப்போதைக்கு உங்கள் மாமியார் சொல்வதே சரி. காரணத்தைச் சொல்கிறேன்.

முதலில் கையில் இருப்பது எது என்று பாருங்கள். நம் ஊர்த் திருகுகள்ளியும் சதுரக்கள்ளியும் ஆமணக்குக் குடும்பம். கீறினால் பால் வடியும். உண்மையான கள்ளியில் முட்கள் பஞ்சு போன்ற ஒரு சிறு மெத்தையிலிருந்து கொத்தாகப் புறப்படும். சப்பாத்திக்கள்ளியும் அந்த இனம்தான், அமெரிக்காவிலிருந்து வந்தது.

சின்ன உருண்டைகளைப் பூ வைத்துப் பிரிக்கலாம். உச்சியைச் சுற்றி வளையமாகச் சிறு பூக்கள் வந்தால் மெக்சிகோவின் மாமில்லேரியா. அடிப்பக்கத்தில் பூத்தால் ரெபூட்டியா. பொலிவியா, அர்ஜென்டினா மலைச்செடி. உச்சியில் பூத்து, பூக்காம்பில் கம்பளி ரோமமும் முள்மயிரும் இருந்தால் பரோடியா. மொட்டு முள்ளின்றி வழவழப்பாகவும், முள்மெத்தைக்குக் கீழே தாடை போன்ற புடைப்பும் இருந்தால் ஜிம்னோகாலிசியம். ரெபூட்டியாவுக்கு இரவுக் குளிர் வேண்டும். நம் கடலோரத்துக்கு ஆகாது. மாமில்லேரியா நம் வெயிலை ஓரளவு தாங்கும். ஜிம்னோகாலிசியத்துக்குப் பாதி நிழல் கட்டாயம்.

இனி அழுகல். நர்சரித் தொட்டிகளில் பெரும்பாலும் தென்னைநார்க் கழிவுதான் இருக்கும். மழையில் அது நனைந்தால் பல நாள் காயாது. வேர் மூச்சுவிட முடியாமல் அழுகும். நமக்கு மழை பெரும்பாலும் ஐப்பசி, கார்த்திகையில் கொட்டும். 2023 டிசம்பர் 17, 18-இல் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 90 சென்டிமீட்டருக்கு மேல் பெய்ததை மறந்திருக்க மாட்டீர்கள். மேலே கூரை இல்லாமல் இந்தச் செடியை இங்கே வளர்க்க முடியாது.

மீதி ஆறு செடியையும் வெளியே எடுத்து, பழைய கலவையை உதறி, வேரைக் கழுவி, ஒரு வாரம் நிழலில் உலர்த்துங்கள். அழுகிய வேரை வெட்டிவிடுங்கள். பிறகு மண்தொட்டியில் பருமணல், உடைத்த செங்கல் இரண்டும் சேர்ந்து மூன்று பங்கு, மட்கிய இலையுரம் ஒரு பங்கு கலந்து நடுங்கள். கடல்மணல் வேண்டாம்; உப்பும் சிப்பித்தூளும் வேருக்குக் கேடு. உப்பு ஏறிய போர்த் தண்ணீரும் வேண்டாம். மழைநீரைப் பிடித்து வையுங்கள். ஒரு குச்சியை அடிவரை குத்திப் பாருங்கள். ஈரம் ஒட்டாமல் வந்தால் மட்டும் தண்ணீர்.

வெள்ளைப் பஞ்சைக் குச்சியால் நசுக்கிப் பாருங்கள். அடர் சிவப்புச் சாறு வந்தால் அது சாயப்பூச்சி. வேலியில் இருப்பது அதுவாகத்தான் இருக்கும். சப்பாத்திக்கள்ளியைத்தான் அது நாடும். முருங்கைக்கோ பருத்திக்கோ வராது. அதற்காக வேலிக்கு மருந்து அடித்துப் பணத்தைக் கரைக்காதீர்கள். தொட்டியில் இருப்பது மாவுப்பூச்சியாக இருக்கலாம். லிட்டருக்கு 5 மில்லி வேப்பெண்ணெய், சிறிது சோப்புக் கரைசல் கலந்து மாலையில் தெளியுங்கள். வாரம் ஒருமுறை, மூன்று வாரம்.

அந்தச் சாயப்பூச்சிக்கு ஒரு கதை உண்டு. சிவப்புச் சாயம் எடுக்கலாம் என்று 1795-இல் பிரேசிலிலிருந்து ஒரு பூச்சியை இந்தியாவுக்குக் கொண்டுவந்தார்கள். அது நல்ல சாயம் தரும் இனமே அல்ல, அடையாளம் தவறிவிட்டது. சாயம் தேறவில்லை, ஆனால் பூச்சி ஒருவகைக் கள்ளியைத் தின்று அழித்தது. நம் நிலங்களில் மண்டிய வேறு வகைக் கள்ளியை அது தொடவில்லை. அதற்கென 1926-இல் இலங்கையிலிருந்து இன்னொரு இனத்தைக் கொண்டுவர வேண்டியிருந்தது. பார்வைக்கு ஒன்றுபோல் இருப்பதை ஒன்றென்று நம்பினால் செலவுதான் மிஞ்சும்.

தொழில் ஆசை இருந்தால் சிறிதாகத் தொடங்குங்கள். நர்சரிகளில் தலை சிவந்த கள்ளி பார்த்திருப்பீர்கள். அந்தத் தலையில் பச்சையம் இல்லை, தனியே பிழைக்காது. டிராகன் பழக் கொடித் துண்டின் மேல் ஒட்டியிருப்பார்கள். வேர்பிடித்த கொடித் துண்டையும் உருண்டையின் அடியையும் சுத்தமான கத்தியால் தட்டையாக வெட்டி, நடு வளையங்கள் ஒன்றையொன்று தொடும்படி வைத்து, ரப்பர் பேண்டு போட்டு, பத்து நாள் நனையாமல் நிழலில் வைத்தால் ஒட்டிக்கொள்ளும். மாசி, பங்குனி இதற்கு ஏற்றது. மொட்டைமாடியில் பாதி நிழல்வலை, மேலே பாலிதீன் கூரை போதும்.

உங்கள் ஆறு செடியும் அடுத்த கார்த்திகையைத் தாண்டட்டும். தாண்டினால் தையில் எனக்கு எழுதுங்கள்; கடனைப் பற்றி அப்போது பேசுவோம். மாமியாரிடமும் இந்தப் பக்கத்தைக் காட்டுங்கள்.