பந்தாட்டமும் பரதேச வாழ்வும்

அயல்நாட்டு ஆட்டக்காரர் ஒருவரை நம் நாட்டுக் காற்பந்துக் கழகம் சம்பளம் பேசி வரவழைத்தால், நம் பிள்ளைகளில் ஒருவனுக்குரிய இடம் பறிபோயிற்று என்று வருந்துவோர் நம் பழைய மாணவர்களிற் பலர் உளர். அவ்வருத்தம் தேசாபிமானத்தினின்று பிறந்தது. ஆதலின் அதனை யாம் இகழ்வதற்கில்லை. ஆயினும் பறிபோன இடம் எது என்பதை அவர்கள் சரிவரக் கண்டார்களில்லை என்பது எமது அபிப்பிராயம். வந்தவன் எடுத்துக்கொண்ட இடம் சிறிது. நம்மவன் போகாமல் விட்ட இடம் பெரிது. இதனை விளக்குதற்கு ஜப்பானியர் சிலருடைய வரலாற்றை முதலிற் கூறுதல் வேண்டும்.

இஸுமி அராதா என்பார் 1982-ம் ஆண்டு ஜப்பானிலுள்ள ஷிமொனொசெக்கி என்னும் துறைமுகப் பட்டணத்திற் பிறந்தவர். தாயார் ஜப்பானியர், தந்தையார் நம் நாட்டுக் குஜராத்தியர். இளமையிலேயே சிங்கப்பூர் சென்று ஆல்பிரெக்ஸ் நீகதா என்னும் கழகத்தில் ஆடினார். அக்கழகத்தின் அமைப்பு நம் கவனத்துக்குரியது. ஜப்பானிலுள்ள நீகதா நகரத்துக் கழகத்தார், தம் இளைஞர் வேற்று நாட்டு மண்ணில், வேற்று நாட்டு ஆட்டக்காரரோடு மோதிப் பழகவேண்டும் என்று கருதி, 2004-ம் ஆண்டு முதல் சிங்கப்பூர்ப் பந்தயங்களில் தமக்கென ஒரு கிளையையே நிறுத்தினர். பிள்ளை பரதேசம் போவான் என்பதை விபத்தாக எண்ணாது, அதற்கு வீடு கட்டி வைத்தவர்கள் அவர்கள். அராதா பின்னர் மிட்சுபிஷி கம்பெனியைச் சார்ந்த ஒரு கோஷ்டியிலும் ஆடி, 2006-ல் கொல்கத்தா ஈஸ்ட் பெங்கால் கழகத்துக்கு வந்தார்; அதன்பின் மும்பையின் மஹீந்திரா யுனைடெட், 2009 முதல் புனே என்று இந்நாட்டிலேயே தம் ஆட்ட வாழ்வின் பெரும்பகுதியைக் கழித்தார்.

இதுவரை கூறியது பிழைப்பைத் தேடி வந்த ஒருவருடைய கதை. 2012-ல் அவர் செய்ததோ வேறு வகையானது. இந்திய அரசாங்கம் 2008-ம் ஆண்டின் இறுதியில் வகுத்த கொள்கைப்படி, இந்தியக் கடவுச்சீட்டு உடையவரே இந்நாட்டின் பெயரால் பந்தயங்களில் இறங்கலாம். இந்திய வமிசத்தார் என்னும் சான்று மாத்திரம் போதாது. நம் சட்டம் ஒருவருக்கு இரண்டு குடியுரிமை தாராது. ஜப்பானியச் சட்டமும் அத்தன்மையதே. ஆகவே தந்தையின் நாட்டுக்கு ஆடவேண்டுமாயின் தாயின் நாட்டை விடவேண்டும். அராதா விட்டார். நீல்கண்ட் கம்போல்ஜா என்னும் தந்தை வழிப் பெயரோடு இந்தியப் பிரஜையாகி, 2013 பிப்ரவரியில் கொச்சியிற் பாலஸ்தீனத்தை எதிர்த்து இந்தியச் சட்டை அணிந்து இறங்கினார். அன்று நம்மவர் 2-க்கு 4 என்ற கணக்கிற் தோற்றனர் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். ஒரு நாட்டைத் துறந்து வந்தவருக்குக் கிடைத்த முதல் விருந்து அது! அவர் முகம் சுளிக்காது தொடர்ந்து ஆடி, ஓய்வு பெற்றபின் இந்நாட்டுச் சிறுவருக்கே ஆட்டம் பயிற்றும் ஆசிரியராகவும் அமர்ந்தார்.

இன்னொருவர் கத்ஸுமி யூஸா. 1988-ற் பிறந்த இவர், கொல்கத்தா மோகன் பகான் கழகம் 2014-15-ம் ஆண்டின் தேசிய லீக் பட்டத்தை வென்றபோது அதன் நடுக்களத்தில் ஓயாது ஓடினவர். பின்பு அதே நகரத்தில் மோகன் பகானுக்குப் பரம்பரைப் பகையான ஈஸ்ட் பெங்காலுக்கும், அதன்பின் மணிப்பூர் நெரோகா கழகத்துக்கும் ஆடி, 2019-ல் நம் தமிழ்நாட்டுக்கு வந்து, அந்நாளிற் கோயம்புத்தூரை ஆடுகளமாகக் கொண்டிருந்த சென்னை சிட்டி கழகத்திற் சேர்ந்தார். அக்கழகமே அதற்கு முந்திய 2018-19-ல் அப்பட்டத்தைக் கைப்பற்றியிருந்தது. இத்தகையோர் ஜப்பானிலிருந்து வரக் காரணம் ஒன்றுண்டு. ஆசியக் கழகங்களின் பந்தயங்களில், எந்நாட்டவராயினும் மூவர், அவர்க்கு மேலாக ஆசிய நாட்டவர் ஒருவர் என்னும் விதி நெடுங்காலம் நிலவிற்று. அந்த ஓர் இடத்துக்கு ஜப்பானியர் விலைபோனார்கள். நம்மவர் அவ்விடத்தை வேறெந்த நாட்டிலும் சென்று பற்றினார்களா என்று கேட்டால், விடை கூற நா எழவில்லை.

ஜப்பானியர் தொடக்கத்திலேயே இவ்வாறு இருந்தாரல்லர். 1962-ல் ஜகார்த்தாவில் நடந்த ஆசிய விளையாட்டில் நம்மவர் ஜப்பானியரை 2-க்கு 0 என வென்று, முடிவிற் பொற்பதக்கமும் பெற்றனர். அவர்கள் நம்மிடம் தோற்றவர்கள். ஆனால் அந்நாளிலேயே டெட்மார் கிராமர் என்னும் ஜெர்மானிய ஆசிரியரை வருவித்து அவரிடம் பாடங்கேட்கத் தொடங்கியிருந்தனர். 1968 மெக்ஸிகோ ஒலிம்பிக்கில் வெண்கலப் பதக்கம் கொண்டனர். அதன்பின் 1977-ல் அவர்களிடமிருந்து ஒருவர் புறப்பட்டார். அவர் பெயர் ஒகுதேரா யசுஹிகோ.

ஒகுதேரா ஃபுருகாவா மின்சாரக் கம்பெனியின் ஊழியர். கம்பெனிக் கோஷ்டியில் ஆடுவார். ஆட்டத்துக்கென்று கூலி வாங்கும் வழக்கம் அக்காலத்து ஜப்பானில் இல்லை. ஜெர்மனிக்குப் பயிற்சிக்காகச் சென்றிருந்தபோது கொலோன் கழகத்தின் ஆசிரியர் ஹெனஸ் வைஸ்வைலர் அவரது ஓட்டத்தைக் கண்டு எம்மோடு இருந்துவிடும் என்றார். ஒகுதேரா தயங்கினார். வயதோ 25; மனைவி மக்கள் உண்டு; கம்பெனி உத்தியோகம் உறுதியானது; பாஷை தெரியாது. நம் வீடுகளில் இன்றும் கேட்கும் அதே காரணங்கள்! பிறர் வற்புறுத்தப் போனார். போன முதல் ஆண்டிலேயே, 1977-78-ல், கொலோன் கழகம் ஜெர்மன் லீக் பட்டத்தையும் கோப்பையையும் ஒருங்கே வென்றது. 1979-ல் ஐரோப்பியக் கோப்பையின் அரையிறுதியில், இங்கிலாந்தின் நாட்டிங்ஹாம் மைதானத்தில், மாற்று ஆட்டக்காரராக இறங்கி ஆட்டத்தை 3-க்கு 3 எனச் சமன்செய்த கோலை அடித்தவர் அவரே. பின்னர் பெர்லினிலும், 1981 முதல் 1986 வரை பிரேமனிலும் ஆடினார். முன்களத்திற் புகழ்பெற்றவரைப் பிரேமனின் ஆசிரியர் ஓட்டோ ரேஹாகல் பின்களத்துக்கு மாற்றினார். அவரும் மறுக்காது கற்றுக்கொண்டார். இவ்வடக்கத்தையே யாம் மற்றெல்லாவற்றினும் மேலாக மதிக்கிறோம்.

அவர் 1986-ல் ஊர் திரும்பினார். அவ்வாண்டிலேயே ஜப்பானியர் தம் லீக்கில், சம்பளம் பெற்று ஆடுவோருக்கு முதன்முறையாக அனுமதி வழங்கினர். 1993-ல் தொழில்முறை லீக் தொடங்கிற்று; 1998-ல் உலகக் கோப்பையில் முதன்முறையாக ஆடினர். 2022-ல் கத்தாரில் நடந்த உலகக் கோப்பைக்கு அவர்கள் அனுப்பிய 26 பேரில் 19 பேர் ஐரோப்பியக் கழகங்களிற் சம்பளம் பெற்றவர்கள். அங்கே ஜெர்மனியை 2-க்கு 1 என வென்ற நாளில், ஜப்பானின் இரு கோல்களையும் அடித்த தோவானும் அசானோவும் ஜெர்மானியக் கழகங்களில் ஆடிக்கொண்டிருந்தவர்களே. ஆசானிடம் கூலியும் வாங்கி, வித்தையும் வாங்கி, ஆசானையே வென்று வந்தார்கள். இதிலே குருத்துரோகம் ஒன்றுமில்லை. ஜெர்மானியரும் அப்படிச் சொல்லவில்லை.

நம்மவர் யாரும் போகவில்லையோ எனின், ஜப்பானியருக்கு மிக முந்தியே போனார்கள் என்பதுதான் வியப்பு. கொல்கத்தா முகம்மது சலீம் 1936-லேயே ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரத்துச் செல்டிக் கழகத்தில், பூட்ஸ் அணியாது, பாதங்களிற் துணிக்கட்டுச் சுற்றிக்கொண்டு இரு பந்தயங்களில் ஆடிக் கண்டோரைத் திகைக்க வைத்தார். இன்னும் இருந்துவிடும் என்று கேட்டும், வீட்டு நினைவு மீதூர்ந்து கப்பலேறிவிட்டார். அவருக்குப்பின் நெடிய மௌனம். பைசுங் பூட்டியா 1999-ல் இங்கிலாந்தின் பரி கழகத்துக்கும், சுனில் சேத்ரி 2010-ல் அமெரிக்காவுக்கும் 2012-ல் போர்ச்சுக்கலுக்கும் போயினர். தமிழரில் சிங்கப்பூர் சுந்தரமூர்த்தி சுவிட்சர்லாந்தின் பாசல் கழகம் வரை சென்றார்; அவர் சிங்கப்பூர் வளர்த்த பிள்ளை. பெண்களோ, காலந்தாழ்ந்து தொடங்கியும் விரைந்து நடக்கின்றனர்: மணிப்பூர் பாலா தேவி 2020-ல் கிளாஸ்கோவின் ரேஞ்சர்ஸ் கழகத்தோடு ஒப்பந்தஞ் செய்தார், பஞ்சாப் மனிஷா கல்யாண் 2022-ல் சைப்ரஸ் சென்றார். நம் மதுரையின் சேது கழகம் 2018-19-ல் இந்தியப் பெண்கள் லீக் பட்டத்தைப் பெற்றதையும் நம் மாணவிகள் நினைவிற் கொள்வாராக.

இனி நம் பக்கம் வருவோம். தென்காசிச் சீமையிலிருந்து, சிறப்பாகக் கீழப்பாவூர், பாவூர்ச்சத்திரம் முதலிய ஊர்களினின்று நம் கல்லூரிக்கு வரும் பிள்ளைகளிற் பந்தாட்டம் அறியாதவர் அரியர். கீழப்பாவூர்க் குளம் வற்றிய மாதங்களில் அதன் உட்பரப்பே அவர்களுக்கு மைதானம். நீர் பெருகினால் ரோட்டோரத் தரிசு. ஆனி ஆடியிற் குற்றாலத்துச் சாரல் அங்கு வரை வீசும்போது ஈரத்தரையில் வழுக்காமல் ஓடப் பழகிய கால்கள் அவை. பாதத்துக்குப் பூட்ஸ் இல்லை என்ற குறையை அவர்கள் குறையாகவே கருதுவதில்லை. கல்லூரிக் கோஷ்டியிற் சேர்ந்தபின் ஈராண்டு நன்றாக ஆடுவார்கள். மூன்றாம் ஆண்டு வந்ததும் வீட்டிலிருந்து கடிதம் வரும். இக்காலத்திற் தொலைபேசி அழைப்பு வரும். ஆட்டம் போதும், பரீட்சையைப் பார் என்பதே அதன் சாரம். பிள்ளை பூட்ஸைக் கழற்றி அடுத்த ஆண்டு மாணவனிடம் கொடுத்துவிட்டு, போட்டிப் பரீட்சைப் புத்தகத்தைக் கையிலெடுப்பான்.

பெற்றோரை யாம் குறைகூறோம். அவர்கள் கணக்கிற் பிழையில்லை. ஆட்டக்காரனுடைய சம்பாத்திய காலம் 35 வயதோடு ஒருவாறு முடிந்துவிடும். முழங்கால் முறிந்தால் 22-லேயே முடியும். கழகங்களும் நிலையுடையன அல்ல. மேலே சொன்ன மஹீந்திரா யுனைடெட் பட்டங்கள் பல வென்றும் 2010-ல் கலைக்கப்பட்டது. ஆகையால் எல்லாரும் பந்தை நம்பிப் போங்கள் என்று யாம் சொல்லவில்லை. யாம் ஆட்சேபிப்பது ஒன்றே: இது உழைத்துண்ணும் தொழிலாக ஒருநாளும் எண்ணப்படாது, வாலிப வேடிக்கையாகவே எண்ணப்படுகிறது என்பதை. கீழப்பாவூரைச் சுற்றியுள்ளோர் தூரதேசம் போக அஞ்சியவர்களா? மளிகைக்கடை வைக்க மும்பைக்கும், முற்காலத்தில் இலங்கைக்கும் மலேயாவுக்கும் போனார்கள். இன்று வளைகுடா நாடுகளுக்குப் போகிறார்கள். பாஷை தெரியாத ஊரிற் கடைத்திண்ணையிற் படுத்துறங்கிக் காசு சேர்த்து வீடு கட்டினார்கள். தராசைத் தூக்கிப் போனால் பிழைப்பு, பந்தைத் தூக்கிப் போனால் ஊதாரித்தனம் என்னும் நியாயம் எமக்கு விளங்கவில்லை.

நம்மைப் போன்ற மிஷன் ஸ்தாபனங்களுக்கு இதிற் சிறப்பானதொரு கடமையும் உண்டு. இந்நாட்டின் மூலைமுடுக்குகளிற் பலவற்றுக்குக் காற்பந்தைக் கொணர்ந்தவை மிஷன் பள்ளிகளே. காஷ்மீரத்து ஸ்ரீநகரில் 1891-ல் டிண்டேல் பிஸ்கோ துரை, தோற்பந்து தீட்டு என்று விலகி நின்ற பிராமணப் பிள்ளைகளை மைதானத்தில் இறக்கிய கதையைப் பலர் அறிவர். அன்று பந்து ஒழுக்கத்துக்கும் தேகப் பயிற்சிக்கும் சாதனமாக வந்தது, அது நல்லதே. ஆனால் ஒழுக்கத்துக்கு ஆகும், வயிற்றுக்கு ஆகாது என்று அன்று நினைத்ததை இன்றும் நினைத்துக்கொண்டிருத்தல் தகாது. ஏட்டுக் கல்வியையும் நாம் ஒழுக்கத்துக்காக மாத்திரம் கற்பிப்பதாகச் சொல்லிக்கொள்ளவில்லையே!

ஒகுதேராவுக்கு ஜெர்மனியில் எட்டாண்டுக்கு மேல் ஆடித் திரும்பியபின் பழைய கம்பெனிக் கோஷ்டியே மீண்டும் இடம் தந்தது. அவர் போகும்போது கதவு அடைபடவில்லை. நம் மாணவன் ஒருவன் கொல்கத்தாவிலோ கோவாவிலோ ஒரு கழகத்தின் தேர்வுக்காக ஆறு மாதம் போய்விட்டுத் திரும்பினால், வருகைப் பதிவு குறைந்தது என்று பரீட்சை எழுத விடாமல் நிறுத்துகிற வழக்கம் கல்லூரிகள் பலவற்றில் உண்டு. இக்கதவைத் திறந்து வைத்தால் போதும். வேறொன்றும் பெரிதாகச் செய்யவேண்டியதில்லை. இரண்டாண்டு வரை அவனது இடத்தை வைத்திருத்தல், விட்ட பாடத்தைக் கோடை விடுமுறையிற் கற்பித்தல், ஒப்பந்தக் காகிதத்திற் கையெழுத்திடுமுன் சட்டம் அறிந்த பழைய மாணவர் ஒருவர் அதனை அவனுக்கு வாசித்துப் பொருள் சொல்லுதல்: இவற்றுக்குப் பொருட்செலவு மிகுதியில்லை. கடைசியிற் சொன்னதே மிக அவசரமானது. கிராமத்துப் பிள்ளைகளிடம் தேர்வு நடத்துவதாகச் சொல்லி முன்பணம் வாங்கிக்கொண்டு மறையும் தரகர்கள் மலிந்த காலம் இது. கழகம் பிள்ளைக்குப் பணம் தருமேயன்றிப் பிள்ளையிடம் கேளாது என்பதைக்கூட அவனுக்குச் சொல்ல ஆளில்லை.

குடியுரிமையைப் பற்றி ஒரு சொல். அராதா கொடுத்த விலையைப் பிறரும் கொடுக்கவேண்டுமா என்று கேட்போர் உளர். சிங்கப்பூரிலும் மலேசியாவிலும் ஐரோப்பாவிலும் பிறந்த நம் வமிசத்துப் பிள்ளைகளை எளிதாக அழைத்துக்கொள்ளும்படி சட்டத்தை இளக்கவேண்டும் என்பது அவர்கள் வாதம். 2025-ல் ஆஸ்திரேலியாவிற் பிறந்த ரயான் வில்லியம்ஸ் அந்நாட்டுக் குடியுரிமையை விட்டு இந்தியரானபின் அவ்வாதம் வலுத்திருக்கிறது. எம்மைக் கேட்டால், சட்டம் இளகினால் இளகட்டும், வருபவர் வரட்டும். ஆனால் அயலூரில் பழுத்ததைக் கொணர்ந்து நம் மரத்திற் கட்டித் தொங்கவிடுவதால் மரம் காய்க்கக் கற்றுக்கொள்ளாது. குளத்தின் உட்பரப்பில் ஓடிக்கொண்டிருக்கும் பிள்ளைக்கு அதனால் ஒரு ஜோடி பூட்ஸும் வாராது.

பழைய மாணவர் சங்கத்தின் வருடக் கூட்டத்துக்கு, இரண்டாண்டு இடம் வைத்திருத்தலையும் ஒப்பந்தம் வாசித்துக் கொடுத்தலையும் பற்றித் தீர்மானங்கள் இரண்டை எழுதி அனுப்பியிருக்கிறோம். வக்கீல் தொழிலிலுள்ள அன்பர்கள் தம் பெயரைக் காரியதரிசியிடம் முன்னதாகவே பதிந்துகொள்ளும்படி வேண்டுகிறோம்.