ஒரே பெயர், பல கம்பெனிகள்: 200 டாலர் துப்பாக்கியை உண்மையில் தயாரிப்பது யார்?

அமெரிக்காவில் துப்பாக்கிச் சூடு செய்தி வரும்போதெல்லாம் 'எந்தத் துப்பாக்கி?' என்ற கேள்வியும் கூடவே வரும். சில பெயர்கள் அடிக்கடி அடிபடும். அதில் ஒன்று ஹை-பாயின்ட். 1999-ல் கொலம்பைன் பள்ளியில் நடந்த படுகொலையில் பயன்படுத்தப்பட்ட ஆயுதங்களில் ஒன்று இந்த பிராண்டின் 995 ரகத் துப்பாக்கி. 'ஏழைகளின் துப்பாக்கி' என்று கிண்டல் செய்பவர்களும் உண்டு, 'நம்பி வாங்கலாம்' என்று ஆதரிப்பவர்களும் உண்டு.

ஆனால் ஹை-பாயின்ட் என்பது முதலில் ஒரு பிராண்டின் பெயர். அந்தப் பெயரை வைத்து துப்பாக்கி தயாரித்தவர்கள், மொத்தமாக வாங்கி விற்றவர்கள், கடை போட்டு விற்றவர்கள் என்று தனித்தனி ஆட்கள், தனித்தனி கம்பெனிகள். இது வெறும் வியாபாரக் கணக்குதானே என்று தோன்றலாம். ஆனால் ஒருவர் சுடப்பட்ட பிறகு 'இதற்கு யார் பொறுப்பு?' என்று கேட்கும்போது, பதில் இந்தக் கணக்குக்குள்தான் இருக்கிறது. விரிவாகப் பார்ப்போம்.

ஹை-பாயின்ட் யாருடையது?

எல்லாம் ஓஹியோ மாநிலத்தின் மான்ஸ்ஃபீல்டு நகரில் தொடங்குகிறது. டாம் டீப் என்பவர் ஸ்டாலர்டு ஆர்ம்ஸ் என்ற பெயரில் ஒரு மலிவு விலை 9 எம்.எம். பிஸ்டலைக் கொண்டுவந்தார். அதன் தொடர்ச்சியாகத்தான் 1990-களின் தொடக்கத்தில் ஹை-பாயின்ட் என்ற பெயர் வந்தது.

அந்தப் பெயரின் கீழ் ஒரே தொழிற்சாலை இல்லை. 9 எம்.எம். பிஸ்டல் மான்ஸ்ஃபீல்டில் உள்ள பீமில்லர் என்ற கம்பெனியில் தயாரானது. .45 ரகம் லைமா நகரின் ஹாஸ்கெல் மேனுஃபேக்சரிங் கம்பெனியில். .40 ரகம் ஐபீரியா ஃபயர்ஆர்ம்ஸ் கம்பெனியில். மூன்றுமே ஓஹியோ மாநிலத்தில்தான். பிற்காலத்தில் மான்ஸ்ஃபீல்டில் இருந்தே ஸ்ட்ராசெல்ஸ் மெஷின் என்ற கம்பெனி பெயரிலும் உற்பத்தி நடக்கிறது.

இந்தத் துப்பாக்கிகளை சந்தைக்குக் கொண்டுபோனது இன்னொரு கம்பெனி. டேட்டன் நகரில் இருந்த எம்.கே.எஸ். சப்ளை. இதன் தலைவர் சார்லஸ் பிரவுன். தொழிற்சாலையில் இருந்து வருவதை மொத்தமாக எடுத்து, விளம்பரம் செய்து, நாடு முழுக்க உள்ள வியாபாரிகளுக்கு அனுப்புவது இவர்கள் வேலை.

ஆக, வாங்குபவர் கண்ணுக்குத் தெரிவது ஒரு பெயர். பின்னால் இருப்பது நாலைந்து கம்பெனி.

எப்படி இவ்வளவு மலிவாக விற்க முடியுது?

ஒரு சாதாரண க்ளாக் பிஸ்டல் 500 டாலரைத் தாண்டும். ஹை-பாயின்ட் 9 எம்.எம். பிஸ்டல் பல வருஷமாக 200 டாலருக்கு உள்ளேயே கிடைத்தது. வித்தியாசம் எங்கே வருகிறது?

முதல் காரணம் உலோகம். பிஸ்டலின் மேல்பகுதியில் முன்னும் பின்னும் நகரும் பாகத்துக்கு ஸ்லைடு என்று பெயர். பெரிய கம்பெனிகள் இதை எஃகுக் கட்டியில் இருந்து கடைந்து எடுக்கும். அதற்கு இயந்திர நேரம் அதிகம், செலவும் அதிகம். ஹை-பாயின்ட் இதை ஜமாக் என்ற துத்தநாகக் கலவையில் செய்கிறது. உருக்கி அச்சில் ஊற்றினால் பாகம் தயார். பொம்மைக் கார், கதவுக் கைப்பிடி எல்லாம் செய்யும் அதே டை காஸ்டிங் முறை.

இரண்டாவது காரணம் வடிவமைப்பு. சுட்ட உடனே வரும் உதைப்பைத் தாங்க, மற்ற 9 எம்.எம். பிஸ்டல்களில் ஸ்லைடும் குழலும் ஒரு நொடிப்பொழுது பூட்டிக்கொள்ளும். அந்தப் பூட்டு துல்லியமாக அமைய வேண்டும். ஹை-பாயின்ட்டில் பூட்டே கிடையாது. ஸ்லைடைக் கனமாகச் செய்துவிட்டால் அதன் எடையே உதைப்பைச் சமாளித்துவிடும். அவ்ளோதான் விஷயம். அதனால்தான் 8 தோட்டா மட்டுமே பிடிக்கும் இந்தப் பிஸ்டல், 17 தோட்டா பிடிக்கும் க்ளாக்கைவிட கையில் கனமாக இருக்கும்.

துத்தநாகக் கலவை குறைந்த வெப்பத்திலேயே உருகும். இதை வைத்தே இல்லினாய் போன்ற சில மாநிலங்கள் சட்டம் போட்டிருக்கின்றன. 800 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்குக் கீழே உருகும் உலோகத்தில் செய்த கைத்துப்பாக்கியை அங்கே வியாபாரிகள் விற்கக் கூடாது. பெயர் சொல்லித் தடுக்காமல், உருகுநிலையைச் சொல்லித் தடுப்பது!

இந்த மலிவுச் சந்தை எப்படி உருவானது?

இதற்கு 1968-க்குப் போக வேண்டும். அந்த ஆண்டு வந்த துப்பாக்கிக் கட்டுப்பாட்டுச் சட்டம், வெளிநாட்டில் இருந்து வரும் சின்ன, மலிவான கைத்துப்பாக்கிகளுக்குக் கதவை மூடியது. ஆனால் உள்நாட்டில் அதே மாதிரி தயாரிப்பதை அது தடுக்கவில்லை.

இந்த இடைவெளியில் நுழைந்தவர் கலிஃபோர்னியாவின் ஜார்ஜ் ஜென்னிங்ஸ். 1970-ல் ரேவன் ஆர்ம்ஸ் தொடங்கினார். பிறகு அவர் மகன் புரூஸ் ஜென்னிங்ஸ் ஒரு கம்பெனி, உறவினர்களும் தெரிந்தவர்களும் வேறு சில கம்பெனிகள் என்று வளர்ந்தது. ரேவன், ஜென்னிங்ஸ், பிரைகோ, டேவிஸ், லோர்சின், ஃபீனிக்ஸ் என்று லாஸ் ஏஞ்சல்ஸைச் சுற்றி ஒரு கூட்டமே உருவானது. 1994-ல் மருத்துவர் கேரன் வின்டிமியூட் தன் ஆய்வறிக்கையில் இவர்களுக்கு வைத்த பெயர் 'நெருப்பு வளையம்'.

இந்த வளையத்தில் இருந்த பிரைகோவின் கதையைப் பார்த்தால் உடைமை விவகாரம் நன்றாகப் புரியும்.

ஒரு சிறுவன், ஒரு தீர்ப்பு, ஒரு ஏலம்

1994-ல் கலிஃபோர்னியாவில் ஒரு வீட்டில், பிரைகோ பிஸ்டலில் இருந்து தோட்டாவை எடுக்க முயன்றபோது அது வெடித்தது. 7 வயதுச் சிறுவன் மீது குண்டு பாய்ந்து கழுத்துக்குக் கீழே செயலிழந்தான். அந்தப் பிஸ்டலில் தோட்டாவை வெளியே எடுக்க வேண்டும் என்றால் முதலில் பாதுகாப்புப் பூட்டை விடுவிக்க வேண்டும். இந்த வடிவமைப்பே தவறு என்பதுதான் வழக்கு.

2003-ல் ஜூரி சிறுவன் பக்கம் தீர்ப்பு சொன்னது. மொத்த இழப்பீடு 5 கோடி டாலருக்கும் மேல். அதில் ஏறத்தாழ பாதி பிரைகோ தரப்பின் பங்கு. தீர்ப்பு வந்த கையோடு கம்பெனி திவால் மனு போட்டது.

2004-ல் சொத்துகள் ஏலத்துக்கு வந்தன. பாதிக்கப்பட்ட சிறுவன் தரப்பே ஏலம் கேட்டது. கம்பெனியை வாங்கி, மிச்சம் இருக்கும் துப்பாக்கிகளை எல்லாம் உருக்கிவிடுவதுதான் திட்டம். ஆனால் 5 லட்சத்து 10 ஆயிரம் டாலருக்கு ஏலத்தை எடுத்தவர் பால் ஹிமெனஸ். யார் இவர்? அதே தொழிற்சாலையின் முன்னாள் மேற்பார்வையாளர்!

பிரைகோ போய் ஹிமெனஸ் ஆர்ம்ஸ் வந்தது. பிறகு நெவாடா மாநிலத்துக்கு இடம் மாறியது. 2020 ஜனவரியில் கேன்சஸ் சிட்டி நகர நிர்வாகம் இந்தக் கம்பெனி மீது வழக்கு போட்டது. அடுத்த மாதமே திவால் மனு. அதன் பிறகு அதே உரிமையாளருக்கு ஜே.ஏ. இண்டஸ்ட்ரீஸ் என்ற பெயரில் மத்திய அரசின் உரிமம் கிடைத்தது.

அச்சும் வடிவமைப்பும் ஒரு கையில் இருந்து இன்னொரு கைக்குப் போய்விட்டன. கடனும் தீர்ப்பும் மட்டும் பழைய பெயரோடு நின்றுவிட்டன.

அப்போ ஹை-பாயின்ட் மீது வழக்கே இல்லையா?

இருக்கிறது. 2003-ல் நியூயார்க் மாநிலத்தின் பஃபலோ நகரில், கூடைப்பந்து விளையாடும் 16 வயது மாணவன் ஒருவனை வேறு யாரோ என்று தவறாக நினைத்துச் சுட்டார்கள். உயிர் பிழைத்தான். சுட்ட துப்பாக்கி ஹை-பாயின்ட்.

அது எப்படி அங்கே வந்தது? பஃபலோவைச் சேர்ந்த கடத்தல்காரர் ஒருவர், ஓஹியோவில் நடக்கும் துப்பாக்கிக் கண்காட்சிகளில் வேறு ஆட்கள் பெயரில் வாங்கிக் குவித்திருக்கிறார். டேட்டன் கண்காட்சியில் ஒரே தடவையில் 87 கைத்துப்பாக்கிகள்! அந்த மேசையில் விற்பனை செய்தவர் சார்லஸ் பிரவுன். ஆமாம், எம்.கே.எஸ். சப்ளையின் அதே தலைவர்தான். கண்காட்சியில் மட்டும் தனி உரிமம் பெற்ற சில்லறை வியாபாரி.

2005-ல் மாணவன் குடும்பம் வழக்கு தொடர்ந்தது. தயாரிப்பாளர், விநியோகஸ்தர், விற்றவர் என எல்லோர் மீதும். அதே ஆண்டுதான் துப்பாக்கி கம்பெனிகளை இது மாதிரி வழக்குகளில் இருந்து காப்பாற்றும் மத்திய சட்டமும் வந்தது. 2011-ல் வழக்கு தள்ளுபடி. ஆனால் 2012-ல் மேல்முறையீட்டு அமர்வு அதை மீட்டது. தெரிந்தே சட்டத்தை மீறி விற்றதாகக் குற்றச்சாட்டு இருந்தால் அந்தப் பாதுகாப்பு பொருந்தாது என்றது.

கடைசியில் 2019-ல் நியூயார்க்கின் உச்சபட்ச மேல்முறையீட்டு நீதிமன்றம் பிரவுனை வழக்கில் இருந்து விடுவித்தது. அவர் விற்றது சரி என்று நீதிமன்றம் சொல்லவில்லை. அவர் விற்றது ஓஹியோவில், அவர் உரிமம் ஓஹியோவுக்கு, ஆகவே அவரை விசாரிக்க நியூயார்க் நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்றுதான் சொன்னது. வழக்கு போட்டு 14 வருஷம் கழித்து!

கம்பெனி பெயர் ஏன் முக்கியம்?

அமெரிக்கச் சட்டப்படி ஒவ்வொரு துப்பாக்கியிலும் தயாரிப்பாளர் பெயர், ஊர், வரிசை எண் பொறித்திருக்க வேண்டும். குற்றம் நடந்த இடத்தில் துப்பாக்கி கிடைத்தால், மேற்கு வர்ஜீனியாவில் உள்ள மத்திய அரசின் தேடல் மையம் முதலில் அந்தத் தயாரிப்பாளரைக் கேட்கும். அவர் விநியோகஸ்தரைக் காட்டுவார், விநியோகஸ்தர் கடையைக் காட்டுவார், கடைக்காரர் முதலில் வாங்கியவரைக் காட்டுவார். துப்பாக்கி உரிமையாளர்களுக்கு தேசிய அளவில் ஒரே பதிவேடு கிடையாது. சட்டமே அதைத் தடுக்கிறது. அதனால் இந்தக் கம்பெனிச் சங்கிலிதான் போலீஸுக்கு இருக்கும் ஒரே பாதை. முதல் ஆளுக்குப் பிறகு துப்பாக்கி கை மாறியிருந்தால் பாதை பெரும்பாலும் அங்கேயே நின்றுவிடும்.

இன்னொரு பக்கமும் இருக்கு

மலிவான துப்பாக்கி என்றாலே குற்றவாளிக்குத்தான் என்பது நியாயமில்லை என்று ஆதரவாளர்கள் சொல்கிறார்கள். 500 டாலர் கொடுக்க முடியாத ஒரு தொழிலாளிக்கும் தன்னைப் பாதுகாத்துக்கொள்ளும் உரிமை உண்டு, விலையை வைத்துத் தடுத்தால் அது ஏழையை மட்டும் தடுப்பதாகாதா என்பது அவர்கள் வாதம். ஹை-பாயின்ட் ஆயுள் முழுவதற்கும் உத்தரவாதம் தருகிறது. பழையதை வாங்கியவருக்கும் இலவசமாகப் பழுது பார்த்துத் தருகிறது. 'நெருப்பு வளைய' கம்பெனிகள் பெரும்பாலும் காணாமல் போன பிறகும் இது நிலைத்து நிற்க இதுவும் ஒரு காரணம்.

இந்த வாதத்தை ஒதுக்கிவிட முடியாது. ஆனால் 87 துப்பாக்கி ஒரே தடவையில் ஒரே கூட்டத்துக்குப் போனதற்கு அது பதில் இல்லை. விலை குறைவாக இருப்பது ஒரு விஷயம், யாருக்கு எத்தனை விற்கிறோம் என்று கவனிப்பது வேறு விஷயம். முதலாவது தொழிற்சாலையின் கையில். இரண்டாவது விநியோகஸ்தர், வியாபாரி கையில். இந்த இருவரும் வேறு வேறு கம்பெனியாக இருக்கும்வரை ஒருவர் இன்னொருவரைக் கைகாட்டலாம். பாதிக்கப்பட்டவர்தான் ஒவ்வொரு கதவாகத் தட்ட வேண்டும்.

அடுத்த முறை செய்தியில் ஒரு துப்பாக்கியின் பெயர் வந்தால் மூன்று கேள்வி கேட்டுப் பாருங்கள். அதில் பொறித்திருக்கும் தயாரிப்பாளர் யார்? மொத்தமாக எடுத்து விற்றது யார்? முதலில் வாங்கியவருக்கு நேரில் விற்றது யார்? பிராண்ட் பெயரில் இந்த மூன்றுக்குமே பதில் இருக்காது.