தடையைத் தாண்டிய நடிகை

2023 செப்டம்பரில் போலந்து அரசு ஒரு விநோதமான முடிவை எடுத்தது. பெலாரஸ் எல்லையில் சிக்கித் தவித்த அகதிகளைப் பற்றி இயக்குநர் அக்னியேஷ்கா ஹாலந்து எடுத்த 'பச்சை எல்லை' திரைப்படம் தொடங்குவதற்கு முன்பு, அரசின் தரப்பைச் சொல்லும் காணொலி ஒன்று காட்டப்பட வேண்டும் என்று அறிவித்தது. நாட்டின் நீதித்துறை அமைச்சர் அந்தப் படத்தை நாஜிப் பிரசாரத்துடன் ஒப்பிட்டார். சில திரையரங்குகள் காணொலியைக் காட்ட மறுத்துவிட்டன.

இதே ஹாலந்து, நாற்பது ஆண்டுகளுக்கு முன்னர் 'விசாரணை' என்ற போலந்துப் படத்தில் சிறைக்கைதியாக நடித்தவர். அதன் நாயகி கிறிஸ்டினா யாண்டா. அரசுக்கும் கலைஞருக்கும் இடையிலான உறவை ஆராய, யாண்டாவின் வாழ்க்கையைவிடப் பொருத்தமான ஆவணம் போலந்தில் அரிது.

1952-இல் பிறந்த யாண்டா, ஆந்த்ரே வாய்தாவின் 'பளிங்கு மனிதன்' (1977) படத்தின் மூலம் புகழ்பெற்றார். ஸ்டாலின் காலத்தில் உழைப்பின் நாயகன் என்று கொண்டாடப்பட்டு, பிறகு காணாமல்போன கொத்தனார் ஒருவரைத் தேடும் திரைப்படக் கல்லூரி மாணவியின் பாத்திரம் அவருக்கு. பத்தாண்டுகளுக்கும் மேலாக அனுமதி கிடைக்காமல் கிடந்த திரைக்கதை அது. நீண்ட கால்களை வீசி நடந்து, அதிகாரிகளின் அறைக்குள் அனுமதி கேட்காமலே நுழையும் அந்தப் பெண், போலந்துப் பார்வையாளர்களுக்குப் புதியவள். தணிக்கை அதிகாரிகள் இறுதிக்காட்சிகளில் கை வைத்தார்கள். கொத்தனாரின் மரணம் பற்றிய உண்மை, 1981-இல் கான் விழாவின் தங்கப்பனை விருது பெற்ற 'இரும்பு மனிதன்' வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

ரிஷர்ட் புகாய்ஸ்கியின் 'விசாரணை' இன்னும் கடுமையான சோதனையைச் சந்தித்தது. ஒரு குற்றமும் செய்யாத கேளிக்கைப் பாடகி, 1950-களின் தொடக்கத்தில் ரகசியப் போலீஸாரால் சிறையிலடைக்கப்பட்டு, பொய் வாக்குமூலத்துக்காக வதைக்கப்படுகிறாள். படம் உருவாகிக்கொண்டிருந்தபோதே, 1981 டிசம்பர் 13-இல் யாருசெல்ஸ்கி ராணுவச் சட்டத்தை அறிவித்தார். படம் பெட்டிக்குள் பூட்டப்பட்டது. ஆனால் வீடியோ நாடாக்களாக வீடு வீடாகச் சுற்றியது. ரகசியப் போலீஸைப் பற்றிய படத்தை ரகசியமாகப் பார்க்க நேர்ந்தது காலத்தின் கேலி. அதே காலத்தில் நடிகர்கள் பலர் அரசு வானொலி, தொலைக்காட்சியில் தோன்ற மறுத்துப் புறக்கணிப்பு நடத்தினர். அவர்களின் சங்கத்தையே அரசு கலைத்தது. 'விசாரணை' 1989-இல்தான் வெளியானது. அடுத்த ஆண்டு கான் விழாவில் யாண்டா சிறந்த நடிகையானார், ஏறத்தாழ எட்டாண்டு பழைய நடிப்புக்காக!

ஜனநாயகம் வந்த பின் அவர் ஓய்ந்துவிடவில்லை. 2005-இல் வார்சாவின் பழைய திரையரங்கு ஒன்றில் 'பொலோனியா' நாடக அரங்கைத் தொடங்கினார். கோடையில் அரங்குக்கு வெளியே, அரசியல் சாசனச் சதுக்கத்தில் இலவசமாக நாடகங்கள் நடந்தன. 2016-இல் கருக்கலைப்பை முற்றிலும் தடை செய்யும் மசோதா வந்தபோது, 1975-இல் ஐஸ்லாந்துப் பெண்கள் செய்ததுபோல் வேலைநிறுத்தம் செய்யலாம் என்று அவர் சமூக ஊடகத்தில் யோசனை சொன்னார். அக்டோபர் 3-ஆம் தேதி, கறுப்புடை அணிந்த பெண்கள் நகரங்களை நிறைத்தனர். மூன்றே நாளில் நாடாளுமன்றம் மசோதாவை நிராகரித்தது. ஆயினும் 2020-இல் அரசமைப்புத் தீர்ப்பாயம் வேறு வழியில் கருக்கலைப்பு உரிமையைச் சுருக்கியது.

அவரைப் புனிதராக்கத் தேவையில்லை. 2020 இறுதியில், மருத்துவப் பணியாளர்களுக்கென ஒதுக்கப்பட்ட முதல் கட்ட கரோனா தடுப்பூசியைப் பெற்ற கலைஞர்களின் பட்டியலில் யாண்டாவும் இருந்தார். விழிப்புணர்வுக்காகவே போட்டுக்கொண்டோம் என்ற விளக்கம் பலரைச் சமாதானப்படுத்தவில்லை. அதிகாரத்தின் சலுகைகளைச் சாடியவர் மீது மக்கள் கோபம் கொண்டது நியாயமே. ஆளும் தரப்பு அதைப் பழைய கணக்குகளைத் தீர்க்கும் சந்தர்ப்பமாக்கியது வேறு விஷயம்.

'பச்சை எல்லை'யை முறையாகத் தடைசெய்ய 2023-இல் எந்த அமைச்சராலும் இயலவில்லை. வசைபாடவும், காணொலி ஒட்டவும் மட்டுமே முடிந்தது. அடுத்த மாதமே நடந்த தேர்தலில் அக்கட்சி பெரும்பான்மையை இழந்தது. ஆனால் அகதிகளைத் தடுக்கும் கொள்கையில், பின்னர் வந்த டுஸ்க் அரசும் பெரிதாக மாறிவிடவில்லை. எல்லைக் காடுகளில் வேலி அப்படியே நிற்கிறது.