நாலு நாள் கேமராக்காரர்களுக்கு

மாசுபட்ட ஊருக்கு நாலு நாள் கேமராவோட போய், சோக வயலின் சேர்த்து விருது வாங்கினா ஆவணப்படமாம். போங்க சாமி!

ஜப்பானின் நோரியாகி சுச்சிமோட்டோவைப் பாருங்க. மினமாட்டாவில் சிஸ்ஸோ ஆலை கடலில் விட்ட பாதரசம், மீன் வழியா மனுசங்க நரம்பைத் தின்றது. 1956-ல் நோய் பதிவாச்சு. ஆலைதான் காரணம்னு அரசு ஒப்புக்கொண்டது 1968-ல்.

1965-ல் டிவிக்காகப் போனவரை, என் பிள்ளையை ஏன் படம் பிடிக்கிறேன்னு ஒரு தாய் திட்டினார். மனுசன் மறுபடியும் போய், நோயாளிகள் வீடுகளில் பழகி 1971-லும் 1975-லும் படமெடுத்தார். அப்புறமும் விடலை. அவர் படத்துல நோயாளிங்க ஆக்டோபஸ் பிடிக்கிறாங்க, பங்குதாரர் கூட்டத்தில் முதலாளியையே உலுக்குறாங்க.

ஆலை 12 வருசம் மழுப்பின விஷயத்தை நாலு நாள் கேமரா பிடிச்சிடுமா? இதுல நடுநிலை வேற! விஷம் விட்டவனுக்கும் தின்னவனுக்கும் நடுவுல ஏதுங்க நிலை?